வடசென்னையிலிருந்து சிறு படம் எடுத்து, சொந்தமாக வெளியிட்டுப் பிழைக்க முடியுமா?

கேள்வி இதுதான்: வியாசர்பாடியில் இருக்கிறேன், இரண்டு குறும்படம் எடுத்திருக்கிறேன். முழுநீளப் படம் ஒன்றைச் சொந்தமாக எடுத்து நானே வெளியிட வேண்டும். கூடவே, வந்த வேகத்தில் காணாமல் போன நல்ல தமிழ்ப் படங்களை வாங்கித் திரும்பவும் திரைக்குக் கொண்டுவர வேண்டும். இதையே ஆயுள் தொழிலாக வைத்துக்கொள்ள முடியுமா? எதிலிருந்து தொடங்குவது?

முடியும். ஆனால் வரிசையை மாற்றுங்கள். முதலில் அடுத்தவர் படத்தை வெளியிடக் கற்றுக்கொள்ளுங்கள். சொந்தப் படம் அதற்குப் பிறகு வரட்டும். தமிழில் சிறு படம் எடுத்தவர்களில் பெரும்பாலானோர் முதல் படத்தோடு நிற்பதற்குத் திறமைக் குறை காரணமில்லை. படம் முடிந்த நாளில் கையில் காசும் இல்லை, தியேட்டர்காரரோடு பழக்கமும் இல்லை, ஒப்பந்தத்தில் என்ன எழுதிக் கொடுக்கிறோம் என்ற தெளிவும் இல்லை. வந்த விலைக்கு, கேட்ட கையெழுத்தைப் போட்டுவிடுகிறார்கள். இருபது வருடம் கழித்து அந்தப் படத்தை மக்கள் தேடும்போது, எடுத்தவரிடம் அதைக் காட்டும் உரிமைகூட இருப்பதில்லை.

இந்தத் தொழிலை நிலைநிறுத்தியவர்கள் எல்லா ஊரிலும் இரண்டு வேலையையும் சேர்த்தே செய்தார்கள். அமெரிக்காவில் ரோஜர் கோர்மன் 1970-இல் நியூ வேர்ல்ட் பிக்சர்ஸைத் தொடங்கினார். குறைந்த செலவில் சொந்தப் படங்களைத் தயாரித்துக்கொண்டே ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மன் போன்றவர்களின் படங்களையும் அமெரிக்காவில் வெளியிட்டார். லாயிட் காஃப்மனும் மைக்கேல் ஹெர்ஸும் 1974-இல் தொடங்கிய டிராமா நிறுவனம் தன் படங்களோடு வெளியார் படங்களையும் வாங்கிச் சேர்த்ததால்தான் இத்தனை ஆண்டு தாக்குப்பிடித்தது. நமக்குப் பக்கத்தில் மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாமும் நண்பர்களும் 1984-இல் கேரளத்தில் ஒடேசா கூட்டமைப்பைத் தொடங்கி, ஊர் ஊராகப் படம் காட்டி, மக்களிடமே நன்கொடை திரட்டி, 1986-இல் ‘அம்ம அறியான்’ படத்தை முடித்தார்கள். முடித்த படத்தையும் மக்களிடமே கொண்டுபோய்த் திரையிட்டார்கள். ஒடேசாவில் நாம் கவனிக்க வேண்டியது இந்த வரிசை: திரையிடல் முதலில், படப்பிடிப்பு பிறகு. பார்வையாளர் யார் என்று தெரிந்துகொண்டே படத்துக்குள் போனார்கள்.

தொழிலைக் கற்க நல்ல இடம் ரெப் வேலை. படப் பிரதிநிதியாக ஒரு விநியோகஸ்தரிடம் சேருங்கள். சம்பளம் சொற்பம்தான், ஆனால் வேறு எங்கும் கிடைக்காத கல்வி அது. தினசரி வசூல் அறிக்கை, அதாவது டிசிஆர், எப்படி எழுதப்படுகிறது, டிக்கெட் எண் எங்கே தொடங்கி எங்கே முடிகிறது, வரி போக நிகரத் தொகை எவ்வளவு, அதில் நம் பங்கு எவ்வளவு என்பதெல்லாம் ஆறு மாதத்தில் கைக்கு வந்துவிடும். எந்தத் தியேட்டரில் ஆபரேட்டர் சத்தத்தைக் குறைத்து ஓட்டுகிறார், எங்கே புரொஜெக்டர் விளக்கு மங்கிவிட்டது என்பதும் தெரியும். ஒருகாலத்தில் அண்ணா சாலையை ஒட்டிய மீரான் சாகிப் தெருவில்தான் விநியோகஸ்தர்களின் அலுவலகங்கள் நெருக்கியடித்து இருந்தன, படப்பெட்டிகள் அங்கிருந்தே கிளம்பின. இப்போது பெட்டி இல்லை, ஆனால் பழைய ஏரியாப் பிரிவு அப்படியே இருக்கிறது: சென்னை சிட்டி, செங்கல்பட்டு (வட ஆர்க்காடு, தென் ஆர்க்காடு சேர்ந்தது), கோவை, மதுரை-ராமநாதபுரம், திருச்சி-தஞ்சாவூர், சேலம், திருநெல்வேலி-கன்னியாகுமரி. வடசென்னைக்காரர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். மாநகராட்சி எல்லை விரிந்துவிட்டது, சினிமா ஏரியா எல்லை அதோடு சேர்ந்து நகரவில்லை. ‘சிட்டி உரிமை’ என்று மட்டும் எழுதி வாங்கினால் வடக்கு ஓரத்துத் தியேட்டர்களில் தகராறு வரும். எந்தெந்தத் தியேட்டர் என்று பெயர் போட்டே எழுதிக்கொள்ளுங்கள்.

வாங்கும் முறைகள் மூன்று. எம்.ஜி., அதாவது மினிமம் கியாரண்டி, என்றால் படம் ஓடினாலும் ஓடாவிட்டாலும் நீங்கள் கொடுத்த பணம் திரும்பாது. அட்வான்ஸ் என்றால் வசூலில் கழித்துக்கொண்டு மீதியைத் திருப்பிக் கேட்கலாம், ஆனால் தயாரிப்பாளர் கையில் அன்று பணம் இருக்க வேண்டும். மூன்றாவது கமிஷன்: உழைப்பு உங்களுடையது, பண ஆபத்து தயாரிப்பாளருடையது. தொடங்குபவருக்குக் கமிஷன்தான் சரி. மறந்துபோன பழைய படத்துக்கு எம்.ஜி. கொடுத்து வாங்கவே கூடாது என்பது என் உறுதியான கருத்து.

இனி உரிமைப் பத்திரம். தொழிலின் உயிர் இதில்தான் இருக்கிறது.

ஒரு பழைய படத்தைத் திரும்ப வெளியிட நினைத்தால் முதலில் தயாரிப்பாளரைத் தேடாதீர்கள், தணிக்கைச் சான்றிதழைத் தேடுங்கள். அதில் விண்ணப்பதாரர் பெயர், தயாரிப்பாளர் பெயர், ரீல் எண்ணிக்கை, மீட்டரில் நீளம், வெட்டச் சொன்ன பகுதிகள் எல்லாம் இருக்கும். அந்தப் பெயரில் தொடங்கி இன்றைய உரிமையாளர் வரை ஒவ்வொரு கைமாற்றுக்கும் ஒரு பத்திரம் இருக்க வேண்டும். தயாரிப்பாளர் பைனான்சியருக்கு எழுதிக் கொடுத்தது, பைனான்சியர் நெகட்டிவ் உரிமையை இன்னொருவருக்கு விற்றது, அவர் இறந்து வாரிசுகளுக்கு வந்தது. நடுவில் ஒரு கண்ணி அறுந்திருந்தாலும் வாங்காதீர்கள். வாரிசு மூன்று பேர் என்றால் மூன்று பேர் கையெழுத்தும் வேண்டும். மூத்தவர் மட்டும் போட்டுக் கொடுத்து, வெளியீட்டுக்கு முந்தைய நாள் இளையவர் தடை உத்தரவோடு வருவது நம் ஊரில் புதிதல்ல. பைனான்சியர் கடன் தீர்ந்துவிட்டது என்பதற்கும் பிலிம் கழுவிய லேபில் பாக்கி இல்லை என்பதற்கும் தனித்தனிக் கடிதம் வாங்குங்கள்.

பழைய ஒப்பந்தங்களில் ‘இனி கண்டுபிடிக்கப்படும் எல்லாத் தொழில்நுட்பங்களுக்கும்’ என்ற வரி அடிக்கடி வரும். 2012-இல் பதிப்புரிமைச் சட்டத்தில் செய்த திருத்தத்தின்படி, ஒப்பந்தம் போட்ட காலத்தில் இல்லாத, வணிகப் பயன்பாட்டுக்கு வராத ஒரு ஊடகத்துக்கு, அதைக் குறிப்பாகச் சொல்லாமல் பொத்தாம்பொதுவாக எழுதிக்கொடுத்த உரிமை செல்லாது. திருத்தத்துக்கு முந்தைய பத்திரங்களுக்கு இது எவ்வளவு பொருந்தும் என்பதை வழக்கறிஞர்தான் படித்துச் சொல்ல வேண்டும். அதே சட்டத்தில் இன்னும் இரண்டு விதிகள் உண்டு: காலம் எழுதாத உரிமை மாற்றம் 5 ஆண்டுக்குத்தான் செல்லும், எல்லை எழுதாத மாற்றம் இந்தியாவுக்குள் மட்டும் செல்லும். நீங்கள் எழுதும் பத்திரத்தில் இவை இரண்டும் விடுபட்டால் நஷ்டம் உங்களுக்கு.

படத்துக்குப் பதிப்புரிமைக் காலம், வெளியான ஆண்டு முடிந்த பிறகு 60 ஆண்டு. ‘கர்ணன்’ 1964-இல் வந்தது, ஆகவே அந்தப் படத்துக்கான காலம் 2024 டிசம்பரோடு முடிந்தது. இதை வைத்து எந்தப் பழைய படத்தையும் எடுத்துக் காட்டலாம் என்று யாராவது சொன்னால் நம்பிவிடாதீர்கள். பாட்டெழுதியவர், இசையமைத்தவர், கதை எழுதியவர் ஆகியோரின் படைப்புக்குக் காலம் அவர்கள் இறந்த பிறகு 60 ஆண்டு. படத்தின் காலம் முடிந்தும் அவற்றின் காலம் ஓடிக்கொண்டிருக்கலாம். அதே ‘கர்ணன்’ டிஜிட்டலாக மீட்டெடுக்கப்பட்டு 2012-இல் திரும்ப வந்து நூறு நாளைக் கடந்து ஓடியது. பழைய படத்துக்குத் தியேட்டரில் ஆள் வருமா என்ற சந்தேகம் அன்றோடு தீர்ந்தது.

உரிமை கிடைத்தாலும் பொருள் கிடைக்க வேண்டும். கடைசியில் பெரும்பாலான நல்ல படங்கள் தோற்பது இங்கேதான், மனசு கனக்கும் இடமும் இதுதான். இரண்டரை மணி நேரப் படம் 35 எம்.எம்.-இல் ஏறக்குறைய 13,500 அடி. நிமிடத்துக்கு 90 அடி, அடிக்கு 16 பிரேம், மொத்தம் 2,16,000 பிரேம். பிரேமுக்கு ஒரு கோப்பாகச் சேமிக்கும் டிபிஎக்ஸ் வடிவத்தில் 2கே-யாக ஸ்கேன் செய்தால் பிரேமுக்குச் சுமார் 12 எம்.பி. வீதம் இரண்டரை டெராபைட்டுக்கு மேல் வரும். 4கே என்றால் அதைப்போல் நான்கு மடங்கு. ஹார்டு டிஸ்க் செலவைக் கணக்கில் சேர்க்காமல் ஸ்கேனுக்குப் போனவர்கள் பாதியில் நின்றிருக்கிறார்கள்.

நெகட்டிவைக் கையில் எடுத்ததும் மூக்கை நம்புங்கள். புளித்த வினிகர் வாடை வந்தால் அசிடேட் சிதையத் தொடங்கிவிட்டது. அதை மற்றப் பெட்டிகளிலிருந்து உடனே தனியாக வைக்க வேண்டும், ஏனென்றால் அந்த ஆவி பக்கத்து ரீலையும் கெடுக்கும். சென்னைக் கடற்கரை ஈரப்பதத்தில், மின்விசிறிகூட இல்லாத கிடங்கில் இது வேகமாக நடக்கும். சுருங்கி நெளிந்த பிலிமைச் சாதாரண ஸ்கேனரின் பற்சக்கரத்தில் மாட்டினால் துளைகள் கிழியும். பற்சக்கரம் இல்லாத ஸ்கேனர்தான் வேண்டும் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். பட நெகட்டிவ் வேறு, ஒலி நெகட்டிவ் வேறு. ஒன்று மட்டும் கிடைத்து ஒன்று தொலைந்திருப்பது சகஜம். ஒலி நெகட்டிவ் இல்லாவிட்டால் பழைய பாசிட்டிவ் பிரிண்டிலிருந்து ஒலியை எடுக்கலாம். ஆனால் பிரிண்ட் அறுந்து ஒட்டிய ஒவ்வோர் இடத்திலும் சில பிரேம் போயிருக்கும், அங்கிருந்து உதடும் சத்தமும் விலகும். ரீலுக்கு ரீல் உட்கார்ந்து பொருத்த வேண்டும். பழைய கலர் பிரிண்டுகள் நீலமும் பச்சையும் வெளுத்து ரோஸ் நிறமாகி நிற்கும், அதிலிருந்து நிறத்தை முழுதாக மீட்க முடியாது.

ஸ்கேன் முடிந்ததும் மொத்த நீளத்தைத் தணிக்கைச் சான்றிதழின் நீளத்தோடு ஒப்பிடுங்கள். குறைந்தால் எங்கோ காட்சி போயிருக்கிறது. கூடினால், வெட்டச் சொன்ன பகுதி நெகட்டிவில் அப்படியே இருக்கிறது என்று பொருள். அதோடு திரையிட்டால் சான்றிதழ் இல்லாத படத்தைக் காட்டிய குற்றம் உங்கள் மேல் வரும்.

இனி திரை. நியூயார்க்கில் எல்ஜின் தியேட்டரை நடத்திய பென் பாரன்ஹோல்ட்ஸ் 1970 டிசம்பரில் ‘எல் டோபோ’ படத்தை நள்ளிரவுக் காட்சியாகப் போட்டார். பெரிய விளம்பரம் இல்லை. ஒரே தியேட்டர், ஒரே நேரம். பார்த்தவர் சொல்லி அடுத்தவர் வந்து, அடுத்த ஆண்டின் நடுப்பகுதி வரை ஓடியது. கல்ட் படம், அதாவது ஒரு தனிக் கூட்டம் திரும்பத் திரும்பப் பார்த்துக் கொண்டாடும் படம், என்று நாம் சொல்வது இப்படி ஓடி உருவானதுதான். சிறு படத்துக்கு ஒரு திரையும் நீண்ட நாளும் தேவை. நூறு திரையும் மூன்று நாளும் அதைக் கொன்றுவிடும்.

கணக்குப் போட்டால் விளங்கும், எண்கள் எடுத்துக்காட்டுக்குத்தான். வரி போக டிக்கெட் நூறு ரூபாய். அறுபது திரையில் வெள்ளிக்கிழமை வெளியிட்டால், திரைக்குத் திரை டிஜிட்டல் புரொஜெக்‌ஷன் கட்டணம், போஸ்டர், போக்குவரத்து எல்லாம் முன்பணமாகப் போய்விடும். ஒரு காட்சிக்கு எட்டுப் பேர் வந்தால் தியேட்டர்காரர் காட்சியை ரத்து செய்வார், திங்கட்கிழமை படம் தூக்கப்படும். அந்தச் செவ்வாய்க்கிழமைதான் படத்தைப் பற்றி யாரோ நல்லதாக எழுதியிருப்பார், பார்க்க நினைத்தவருக்குப் போக இடம் இருக்காது. இதற்குப் பதில் ஒரே தியேட்டரில் ஞாயிறு காலைக் காட்சி ஒன்று, எட்டு வாரம். சராசரி 120 பேர் வந்தால் காட்சிக்கு 12,000, மொத்தம் 96,000. பாதி பங்கு 48,000. பெரிய தொகை இல்லை. ஆனால் டிஜிட்டல் கட்டணம் ஒரு திரைக்கு மட்டும், போஸ்டர் அந்தச் சுற்றுவட்டாரத்துக்கு மட்டும், எட்டு வாரத்துப் பேச்சு இலவசம். இதே எட்டு வாரத்தைக் கோவையிலும் மதுரையிலும் நடத்தலாம்.

வடசென்னை இதற்கு ஏற்ற மண். தமிழின் முதல் பேசும்படமான ‘காளிதாஸ்’ 1931-இல் வெளியானது தங்கசாலைத் தெருவின் கினிமா சென்ட்ரலில். பிராட்வே பக்கத்து மினர்வா ஆங்கிலப் படத்துக்குப் பேர் போன தியேட்டர். ஓட்டேரிப் பக்கம் மகாலட்சுமியில் பழைய எம்.ஜி.ஆர்., சிவாஜி படங்களுக்கென்றே ஒரு கூட்டம் வந்தது. தண்டையார்பேட்டை அகஸ்தியா 1967-இல் திறந்து, ஆயிரம் பேர் உட்காரும் அரங்காக இருந்து, 2020-இல் மூடப்பட்டது. எம்.ஜி.ஆர். படத்தைப் பத்தாவது தடவை பார்க்க வந்த துறைமுகத் தொழிலாளியும் மில் தொழிலாளியும்தான் இந்த ஊரின் கல்ட் ரசிகர்கள். அந்தப் பழக்கம் இன்னும் உயிரோடு இருக்கிறது. ராயபுரம், பெரம்பூர்ப் பகுதிகளில் இன்று ஓடும் அரங்குகளில் முதலாளியை நேரில் பார்த்து, ஆள் குறைவாக வரும் காலைக் காட்சியைக் கேளுங்கள். காலை 9 மணிக்கு முன்னால் காட்சி போட அரசின் தனி அனுமதி வேண்டும், ஆகவே 9-க்கும் 11-க்கும் இடையில் பேசுங்கள். முதல் இரண்டு வாரம் பங்குக்கு ஒப்புக்கொள்ளாவிட்டால் காட்சி வாடகைக்கு எடுக்கலாம். வாடகை 15,000 என்றால் டிக்கெட் நூறு வீதம் 150 பேர் வந்தால் அசல். அதற்குக் கீழே போகும் என்று தெரிந்தால் எடுக்க வேண்டாம்.

தியேட்டருக்குப் போகும் கோப்பு டிசிபி, அதாவது டிஜிட்டல் சினிமா பேக்கேஜ். வடிவம் பிளாட் என்றால் 1998×1080, ஸ்கோப் என்றால் 2048×858, வேகம் 24 பிரேம். இரண்டு மணி நேரப் படம் 100 முதல் 200 ஜி.பி. வரும். டிசிபி-ஓ-மேட்டிக் என்ற இலவச மென்பொருளில் நீங்களே செய்யலாம். பிழை வரும் இடங்கள் எப்போதும் அவையேதான். கேமராவில் 25 பிரேமில் எடுத்துவிட்டு 24-க்கு மாற்றினால் கால அளவு 4 சதவீதம் நீளும், பாட்டின் சுருதி இறங்கும். படம் எடுக்கும் முதல் நாளே 24 என்று பூட்டிவிடுங்கள். தமிழ் சப்டைட்டிலைத் தனிக் கோப்பாக அனுப்பினால் சில சர்வர்களில் கொம்பும் காலும் இடம் மாறி எழுத்து உடையும், ஆகவே படத்தின் மேலேயே பதித்துவிடுங்கள். ஒலிக்கலவையைத் தியேட்டர் ஒலி அளவுக் குமிழில் தரப்படி 7-இல் வைத்துக் கேட்டுவிட்டு நிம்மதியாகப் போய்விடாதீர்கள். நம் தியேட்டர்களில் பெரும்பாலும் 5-ஐ ஒட்டித்தான் வைப்பார்கள், அதில் வசனம் விளங்குகிறதா என்று சோதியுங்கள்.

படத்தைப் பூட்டி அனுப்பினால் ஒவ்வொரு சர்வருக்கும் கேடிஎம் என்ற சாவிக் கோப்பு தனியாக வேண்டும். அதில் தொடக்க நேரம், முடிவு நேரம் உண்டு. இந்திய நேரம் உலக நேரத்துக்கு ஐந்தரை மணி நேரம் முந்தியது. காலை 6 மணிக்குத் திறக்கட்டும் என்று நினைத்து உலக நேரத்தில் 6 என்று போட்டால் நம் ஊரில் 11.30-க்குத்தான் திறக்கும், காலைக் காட்சி போய்விடும். தியேட்டரில் சர்வர் பாகத்தை மாற்றியிருந்தால் பழைய எண்ணுக்கு எடுத்த சாவி வேலை செய்யாது. முந்தைய நாள் இரவே ஆபரேட்டரிடம் படத்தை ஏற்றிப் பத்து நிமிடம் ஓட்டிப் பார்க்கச் சொல்லுங்கள். ஆபரேட்டரின் நல்லெண்ணம் இந்தத் தொழிலில் பெரிய சொத்து.

தியேட்டருக்கு வெளியே விளையாட்டு மன்றத்திலோ நூலகத்திலோ காட்டுவதென்றால் 12 அடி அகலத் திரைக்கு உயரம் 6 அடி 9 அங்குலம். வீச்சு விகிதம் (தூரத்தைத் திரையின் அகலத்தால் வகுத்தால் வருவது) 1.5 உள்ள புரொஜெக்டர் 18 அடி தூரத்தில் நிற்கும். இருட்டான அறைக்கு 3,000 லூமென் தாராளம், தெருவிளக்கு வெளிச்சம் விழும் இடமென்றால் 5,000 வைத்துக்கொள்ளுங்கள். பொதுமக்களுக்குக் காட்டும் எந்தப் படத்துக்கும் தணிக்கைச் சான்றிதழ் வேண்டும். கட்டணம் வாங்கினால் திரையிடல் உரிமமும் வேண்டும், காவல் நிலையத்துக்கு முன்கூட்டியே எழுத்தில் தெரிவியுங்கள்.

இரண்டு வருடம் இப்படி ஓடிய பிறகு உங்கள் படத்துக்கு வாருங்கள். வடசென்னையில் எடுப்பவருக்குச் சில விஷயங்கள்.

காசிமேட்டில் எடுக்க வேண்டுமென்றால் துறைமுக நிர்வாகம், மீன்வளத் துறை, காவல் துறை மூன்றையும் கேட்க வேண்டும். அவற்றுக்கும் முன்னால் குப்பத்துப் பஞ்சாயத்துப் பெரியவர்களைப் பாருங்கள், அவர்கள் சம்மதம் இல்லாமல் அரசு அனுமதிக் கடிதம் கையில் இருந்தும் கேமராவைத் திறக்க முடியாது. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம். விசைப்படகுகள் வரிசையாகக் கட்டிக் கிடக்கும், படகின் மேல் நிதானமாகக் காட்சி எடுக்க அதுதான் காலம். ஆனால் ஏலக் காட்சி வேண்டுமென்றால் அப்போது கிடைக்காது. ஏலம் விடியற்காலையில் நடக்கும். அங்கே மீன் விற்கும் பெண்களை மறித்து டேக் கேட்காதீர்கள், அவர்களுக்கு அந்த ஒரு மணி நேரம்தான் அன்றைய வருமானம். அன்றைய கூலியைக் கொடுத்துத் தனி நாளில் எடுங்கள். துறைமுகம், எண்ணூர், மணலி ஆலைப் பகுதிகளில் டிரோன் பறக்க விடுவதற்கு முன் அரசின் டிஜிட்டல் ஸ்கை வரைபடத்தில் சிவப்பு மண்டலமா (அனுமதியின்றிப் பறக்கவிடக் கூடாத பகுதியா) என்று பாருங்கள். ராயபுரம் ரயில் நிலையம் 1856-இல் திறந்த கட்டடம், எல்லாருக்கும் ஆசை வரும். ரயில்வே அனுமதி மெதுவாகத்தான் நகரும், கட்டணமும் உண்டு, ஸ்டேஷன் மாஸ்டர் தலையசைப்பு போதாது. பெரம்பூர் பின்னி மில் வளாகத்தில் வாடகைக்குச் செட் போட்டு எடுக்கும் வழக்கம் இருந்ததும், அனுமதிகளின் இந்த அலைச்சலைத் தவிர்க்கத்தான்.

நாய், கோழி, புறா, குதிரை எது திரையில் வந்தாலும் விலங்கு நல வாரியத்துக்கு முன்கூட்டியே விண்ணப்பிக்க வேண்டும். வாரியம் இப்போது ஹரியானாவின் பல்லப்கரில் இருக்கிறது, சென்னையில் இல்லை. புறாப் பந்தயம் இல்லாமல் வடசென்னைக் கதையா என்று எழுதிவிட்டு, எடுத்த பிறகு கடிதத்துக்கு அலைந்தால் தணிக்கையில் காட்சியே போகும்.

கானா பற்றி அழுத்தமாகச் சொல்ல வேண்டும். கானாப் பாடகர்களை அழைத்து, சாப்பாடு போட்டு, கையில் இரண்டாயிரம் கொடுத்துப் பாட்டை வாங்கிக்கொண்டு போவது இந்த ஊரில் நீண்ட காலமாக நடக்கும் அநியாயம். பாட்டு எழுதியவருக்கும் மெட்டுக் கட்டியவருக்கும், தியேட்டரில் ஓடும் காட்சியைத் தவிர மற்றப் பயன்பாட்டில் ராயல்டி கேட்கும் உரிமையை 2012 திருத்தம் தந்திருக்கிறது. அதை எழுதி வாங்கிப் பறிக்க முடியாது. பாட்டு யாருடையது என்று கேளுங்கள். பல கானாக்களைப் பாடுபவர் ஒருவர், கட்டியவர் வேறொருவர், சில சமயம் கட்டியவர் உயிரோடு இல்லை. தமிழில் ஒரு பக்க ஒப்பந்தம் எழுதிப் படித்துக் காட்டிக் கையெழுத்து வாங்குங்கள், ஒரு பிரதியை அவரிடமே கொடுங்கள். அதேபோல் டீக்கடை ரேடியோவில், சாவு ஊர்வலத்து ஸ்பீக்கரில் ஓடும் சினிமாப் பாட்டு உங்கள் ஒலிப்பதிவில் விழுந்தால் பின்னால் யூடியூபில் அந்தப் பாட்டின் இசை நிறுவனம் உரிமை கோரும், ஓடிடி கோப்பைத் திருப்பி அனுப்பும். எடுக்கும் நேரத்தில் ரேடியோவை நிறுத்தச் சொல்வது இரண்டு நிமிட வேலை.

கதையைப் பற்றி ஒரே ஒரு வரி. கத்தியும் ரத்தமும் காட்டும் வடசென்னைப் படம் எடுக்க நிறையப் பேர் இருக்கிறார்கள். வியாசர்பாடியின் கால்பந்து, சந்துக்குச் சந்து கேரம், குத்துச்சண்டைப் பயிற்சிக்கூடம், ஐசிஎஃப் ஷிப்டு முடிந்து வரும் சைக்கிள் கூட்டம் ஆகியவற்றை உள்ளிருந்து எடுக்க உங்களைப் போன்றவர்தான் வேண்டும்.

தணிக்கைக்கு விண்ணப்பம் இப்போது ஈ-சினிபிரமான் இணையதளம் வழியாக, மண்டல அலுவலகம் நுங்கம்பாக்கம் சாஸ்திரி பவன். தலைப்புப் பதிவுக் கடிதம், முழு வசனப் பிரதி, பாட்டு வரிகள், விலங்கு நல வாரியக் கடிதம் தயாராக இருக்கட்டும். புகைபிடிக்கும் காட்சி இருந்தால் தொடக்கத்திலும் இடைவேளைக்குப் பிறகும் 30 விநாடி விழிப்புணர்வுப் படம், 20 விநாடி எச்சரிக்கை, காட்சியின் அடியில் வாசகம் வேண்டும். இவை இல்லாமல் கோப்பைக் கொடுத்துத் திரும்பி வந்து டிசிபியை மறுபடி செய்யும் செலவு சிறு படத்துக்குத் தேவையற்றது. 2024 விதிகளின்படி யு/ஏ பிரிவு 7, 13, 16 வயது என்று மூன்றாகிவிட்டது. சான்றிதழுக்குப் பத்தாண்டுக் காலவரம்பும் இப்போது இல்லை, அது பழைய படம் வெளியிடுபவருக்கு நல்ல செய்தி. ஏ சான்றிதழ் வாங்கினால் தொலைக்காட்சி விற்பனை போய்விடும், மறுதணிக்கை செய்து யு/ஏ வாங்கினால்தான் உண்டு. வெட்டச் சொன்னது நியாயமில்லை என்றால் மறுஆய்வுக் குழு, அதன் பிறகு உயர் நீதிமன்றம். நடுவில் இருந்த மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் 2021-இல் கலைக்கப்பட்டுவிட்டது. நீதிமன்றம் என்றால் மாதக்கணக்கு, ஆகவே தணிக்கை முடியாமல் வெளியீட்டுத் தேதி அறிவிக்காதீர்கள்.

வரியில் பலருக்குத் தெரியாத ஒன்று. வருமான வரி விதிகள் 9ஏ, 9பி-யின் நடைமுறைப்படி, நிதியாண்டு முடிவதற்குக் குறைந்தது 90 நாள் முன்னால் படம் வணிகமாகத் திரைக்கு வந்திருந்தால் தயாரிப்புச் செலவையோ விநியோக உரிமை விலையையோ அந்த ஆண்டிலேயே முழுதாகக் கழிக்கலாம். ஜனவரி நடுவில் பொங்கலுக்கு வெளியிட்டால், அந்த ஆண்டு வந்த வருமான அளவுக்கு மட்டும் கழித்து மீதியை அடுத்த ஆண்டுக்குத் தள்ள வேண்டும். புதிய வருமான வரிச் சட்டத்தில் விதி எண்கள் மாறலாம், ஆடிட்டரிடம் கேட்டுவிட்டு டிசம்பரா ஜனவரியா என்று முடிவெடுங்கள். உரிமை விற்பனைக்கு 18 சதவீத ஜிஎஸ்டி. அதைச் சேர்த்தா சேர்க்காமலா என்று எழுதாத ஒப்பந்தத்தில் அந்தப் பணம் உங்கள் கையிலிருந்து போகும். தமிழ்நாட்டில் உள்ளாட்சி கேளிக்கை வரி தனி, வசூல் அறிக்கையில் அது கழிந்திருக்கிறதா என்று பாருங்கள். குறைந்த செலவில் எடுத்த தரமான படங்களுக்கு மாநில அரசு மானியம் ஒன்று உண்டு, 7 லட்ச ரூபாய் என்ற அளவில் கொடுத்து வந்தார்கள். விண்ணப்பியுங்கள், ஆனால் அந்தப் பணத்தை நம்பிக் கடன் வாங்காதீர்கள். கைக்கு வர ஆண்டுகள் ஆகும்.

ஓடிடியைப் பற்றி நீளமாகச் சொல்ல ஏதுமில்லை. சிறு படத்துக்கு முன்பணம் கொடுத்து வாங்குவது அரிது, பார்த்த நிமிடத்துக்கு இவ்வளவு என்ற பங்குதான் கிடைக்கும். கொடுத்தால் பிரத்தியேக உரிமை இல்லாமல், இரண்டு அல்லது மூன்று ஆண்டுக்கு மட்டும், தியேட்டர் மறுவெளியீட்டு உரிமையை உங்களிடமே வைத்துக்கொண்டு கொடுங்கள். வசனம் இல்லாமல் இசையும் பிற ஒலிகளும் மட்டும் உள்ள தடத்தையும், எழுத்து இல்லாத பிரதியையும் ஒலிக்கலவை அன்றே எடுத்து வையுங்கள். டப்பிங் உரிமை கேட்டு எப்போதாவது யாராவது வரும்போது, அவை இல்லாவிட்டால் பேச்சு அங்கேயே முடியும்.

மாஸ்டர் கோப்புகளுக்கு மூன்று பிரதி வேண்டும், இரண்டு வகைச் சேமிப்பில், ஒன்று வேறு ஊரில். கடலோரத்து வீட்டு அலமாரியில் தொடாமல் வைத்த ஹார்டு டிஸ்க் நான்கைந்து ஆண்டில் சுழலாமல் போகலாம். வருடம் ஒருமுறை மின்சாரம் கொடுத்துக் கோப்புகளைச் சரிபாருங்கள். எல்டிஓ என்ற சேமிப்பு டேப்பில் எடுத்தால் தலைமுறையைக் கவனியுங்கள்: எல்டிஓ-8 இயந்திரம் 7-ஐயும் 8-ஐயும் மட்டும் படிக்கும், 6-ஐப் படிக்காது. வெளியிட எடுத்த அடுத்தவர் படங்களுக்கும் இதே பராமரிப்பு. அவர்களுக்கு மூன்று மாதத்துக்கு ஒருமுறை கணக்கு அனுப்புங்கள், வசூல் பூஜ்யமாக இருந்தாலும் பூஜ்யம் என்று எழுதி அனுப்புங்கள். இந்தச் சின்ன உலகத்தில் கணக்கு வருகிறது என்ற செய்தி பரவினால், அடுத்த நெகட்டிவ் எங்கே கிடக்கிறது என்று அவர்களே வந்து சொல்வார்கள்.